சொல்லாத துயரைக் காட்டிய திரை: ஜேர்மன் மௌனப் படங்களும் எங்கள் மௌனங்களும்

கொழும்பின் அரச வைத்தியசாலை ஒன்றில் வெளிநோயாளர் வரிசையில் காத்திருந்து மருத்துவர் முன் அமரும் தமிழ்ப் பெண்ணொருவர், "எனக்கு மனக்கவலை" என்று பேச்சைத் தொடங்குவது அரிது. "நெஞ்சுக்குள்ள எரியுது", "தலை பாரமாக் கிடக்கு", "கைகால் விறைக்குது", "நித்திரை வருகுதில்லை" என்றுதான் சொல்வார். மனதின் வலியை உடம்பின் வலியாகச் சொல்வது எங்கள் சமூகத்தில் ஆழ வேரூன்றிய வழக்கம். போர்க்காலத்தில் யாழ்ப்பாணத்தில் நீண்டகாலம் பணியாற்றிய உளமருத்துவர் தயா சோமசுந்தரம் இதைத் தன் எழுத்துகளில் கவனப்படுத்தியிருக்கிறார். இலங்கைத் தமிழர் மீது போர் ஏற்படுத்திய உளவடுக்கள் பற்றிய அவரது ஆங்கில நூல் 1998 இல் வெளிவந்தது.

நூறு ஆண்டுகளுக்கு முன்னர் ஜேர்மனியில் படமெடுத்தவர்களுக்கும் இதே சிக்கல் வேறொரு வடிவில் இருந்தது. அவர்களது படங்களில் குரல் இல்லை. காட்சிகளுக்கு இடையில் வரும் எழுத்து அட்டைகளில் நாலு வரி எழுதலாம். அதற்கு மேல் ஒரு மனிதரின் உள்ளே நடப்பதைச் சொல்ல வேண்டுமானால் அவரது உடம்பையும், அவர் நிற்கும் அறையையும், சுவரில் விழும் நிழலையும்தான் பேசவைக்க வேண்டும். 1913 முதல் 1920களின் இறுதிவரை அவர்கள் இதற்குக் கண்டுபிடித்த வழிகள் உலக சினிமாவின் மொழியையே மாற்றின. அவற்றில் சில மனத்துயரைப் பரிவோடு பார்த்தன. சில அதைப் பூதமாக்கின. இரண்டு பழக்கமும் தமிழ்த் திரையிலும் எங்கள் பேச்சிலும் இன்றுவரை தொடர்வதால், அந்தப் படங்களைத் திரும்பிப் பார்ப்பது பயனுள்ளது.

போர் முடிந்த நாடு

முதலாம் உலகப் போரில் (1914–1918) ஜேர்மனி ஏறக்குறைய 20 இலட்சம் படையினரை இழந்தது. உயிரோடு திரும்பியவர்களில் பெருந்தொகையானோர் உடம்பில் காயமில்லாமலே நோயாளிகளாக வந்தார்கள். சிலருக்குக் கைகால் ஓயாமல் நடுங்கியது, சிலருக்குப் பேச்சு வரவில்லை, சிலருக்குக் கண் தெரியவில்லை. ஜேர்மனியில் அவர்களைப் 'போர் நடுங்கிகள்' என்ற பொருள்படும் சொல்லால் அழைத்தார்கள். ஆங்கிலேயர் இதே நிலைக்கு 'ஷெல் அதிர்ச்சி' என்று பெயர் வைத்தார்கள். ஷெல் என்ற சொல்லுக்கு எங்கள் வாசகர்களிடம் விளக்கம் தேவையில்லை.

இவர்கள் நடிக்கிறார்கள், கோழைகள், ஓய்வூதியத்துக்காகப் பாசாங்கு செய்கிறார்கள் என்ற சந்தேகம் இராணுவ மருத்துவர்களிடம் வலுவாக இருந்தது. வலிமிக்க மின்னோட்டத்தை உடம்பில் பாய்ச்சி, "எழுந்து நட" என்று கட்டளையிடும் முறை சிகிச்சை என்ற பெயரில் கையாளப்பட்டது. தோல்வி, அரசியல் கொலைகள், 1923 இல் பணம் வெறும் கடதாசியாகிய பணவீக்கம் எல்லாம் அடுத்தடுத்து வந்தன. போரைப் பற்றி வெளிப்படையாகப் பேச எவரும் விரும்பாத அந்த ஆண்டுகளில்தான் இங்கு பேசப்போகும் படங்களில் பெரும்பாலானவை எடுக்கப்பட்டன. அவற்றில் போர்க்களம் இல்லை. ஆனால் காணாமல் போனவர்களும், தூக்கத்தில் நடப்பவர்களும், காத்திருக்கும் பெண்களும், நோயாளியை அதட்டும் மருத்துவர்களும் திரும்பத் திரும்ப வருகிறார்கள். இந்தப் படங்கள் போரைக் காட்டாமலே போரின் உளவடுவைச் சுமந்தவை என்று ஆய்வாளர் அன்ரன் கேஸ் 2009 இல் வெளியிட்ட நூலில் வாதிடுகிறார்.

சுவர்களே நோயாகும்போது

1920 பெப்ரவரி 26 ஆம் திகதி பேர்லினில் திரையிடப்பட்ட 'டொக்டர் கலிகாரியின் பேழை' இந்தப் போக்கின் அடையாளமாக நிலைத்துவிட்ட படம். இயக்கியவர் ரொபேர்ட் வீனே. எழுதியவர்கள் ஹான்ஸ் யானோவிட்ஸ், கார்ல் மயர். சந்தையில் கூடாரம் போட்டு, தூக்கத்தில் நடக்கும் செசாரே என்ற இளைஞனைக் காட்சிப் பொருளாக்கும் கலிகாரி, இரவில் அவனை ஏவிக் கொலை செய்விக்கிறார் என்பது கதை. இதைச் சொல்பவர் பிரான்சிஸ் என்ற இளைஞர். கடைசியில் பிரான்சிஸே மனநோய் விடுதி ஒன்றில் இருப்பவர் என்றும், கலிகாரி என்று அவர் நம்புபவர் அந்த விடுதியின் பணிப்பாளர் என்றும் தெரியவருகிறது.

படத்தின் புதுமை கதையை விட அதன் சுவர்களில் இருந்தது. ஹேர்மன் வார்ம், வால்ட்டர் ரைமன், வால்ட்டர் ரோரிக் ஆகிய மூவரும் துணியிலும் பலகையிலும் வரைந்த வீடுகள் சரிந்து நிற்கின்றன. ஜன்னல்கள் கோணலாக இருக்கின்றன. வெளிச்சமும் நிழலும்கூட விளக்கால் உண்டாக்கப்படாமல் தூரிகையால் தீட்டப்பட்டவை. கொன்ராட் ஃபைட் நடித்த செசாரே சுவரோடு சுவராக ஒட்டி நகரும்போது, மனிதர் எது, நிழல் எது என்று பிரிக்க முடியாது. பயந்துபோன ஒருவருக்கு உலகம் எப்படித் தெரியுமோ, அதையே பார்வையாளரின் கண்முன் கட்டிவைத்தார்கள். ஓவியத்திலும் நாடகத்திலும் ஏற்கெனவே இருந்த வெளிப்பாட்டுவாதம் என்ற பாணி இப்படித்தான் திரைக்கு வந்தது.

இந்த முடிவு இன்றும் விவாதத்துக்குரியது. அதிகாரத்தில் இருக்கும் மருத்துவரே கொலைகாரர் என்ற கலகக் கதையை, 'இது ஒரு பைத்தியத்தின் கற்பனை' என்று மாற்றி மழுங்கடித்துவிட்டார்கள் என 1947 இல் சீக்பிரீட் கிராக்கவர் தன் புகழ்பெற்ற நூலில் எழுதினார். மூலத் திரைக்கதைப் பிரதி பின்னர் கிடைத்தபோது அதிலும் வேறு விதமான ஒரு முகப்புக் காட்சி இருந்தது தெரியவந்தது. ஆகவே விடயம் அவர் சொன்ன அளவுக்கு எளிதல்ல. ஆனால் கேள்வி நிற்கிறது: மனம் பாதிக்கப்பட்டவர் ஒருவர் அநியாயத்தைச் சொன்னால், அவர் சொல்வதை நம்புவதா, அவரது நோயின் அறிகுறியாக ஒதுக்குவதா?

இரட்டை உருவம், சாவு, காத்திருப்பு

கலிகாரிக்கு ஏழு ஆண்டுகள் முன்னரே, 1913 இல், 'பிராக் நகர மாணவன்' என்ற படம் வெளிவந்தது. பால் வேகனர் நடித்த ஏழை மாணவன் பணத்துக்காகத் தன் கண்ணாடிப் பிம்பத்தை விற்றுவிடுகிறான். அந்தப் பிம்பம் தனியே உலாவி அவன் செய்ய அஞ்சுவதைச் செய்கிறது. அதை அவன் சுடுகிறான், சாவது அவன்தான். ஒரே நடிகரை ஒரே சட்டகத்தில் இரண்டு பேராகக் காட்டிய கமெரா உத்தி, குற்றவுணர்வையும் தன்னிலிருந்து தான் பிரியும் உணர்வையும் கண்ணுக்குத் தெரிய வைத்தது. உளப்பகுப்பாய்வாளர் ஒட்டோ ராங்க் இரட்டை உருவம் பற்றிய தன் ஆய்வை இந்தப் படத்தை வைத்துத்தான் தொடங்கினார்.

1921 இல் ஃபிரிட்ஸ் லாங் இயக்கிய 'களைத்த சாவு' இழப்புத் துயரின் படம். காதலனைச் சாவு கொண்டுபோய்விட, அந்தப் பெண் சாவிடமே போய் மன்றாடுகிறாள். மூன்று உயிர்களில் ஒன்றையாவது காப்பாற்று, உன் காதலனைத் தருகிறேன் என்கிறது சாவு. மூன்றிலும் தோற்கிறாள். தன் உயிரைத் தர யாராவது முன்வந்தால் காதலன் மீள்வான் என்று கடைசி வாய்ப்புக் கிடைக்கிறது. முதியவரும், பிச்சைக்காரரும்கூட ஒரு நாளையேனும் தர மறுக்கிறார்கள். சத்தியவானை மீட்ட சாவித்திரியையும், சாவு நிகழாத வீட்டில் கடுகு கேட்டுப் புறப்பட்ட கிசாகோதமியையும் அறிந்த எங்களுக்கு இந்தக் கதை அந்நியமானதல்ல. வித்தியாசம், இங்கே சாவே களைத்துப்போயிருக்கிறது. பேர்ன்ஹாட் கொய்ட்ஸ்கே நடித்த அந்த உருவத்தின் முகத்தில் கொடூரம் இல்லை. தன் வேலையில் சலித்துப்போன ஓர் ஊழியரின் சோர்வுதான் இருக்கிறது. மூன்று ஆண்டுகள் முன்பு முடிந்த போரில் பிள்ளைகளை இழந்த பார்வையாளர்கள் அந்த முகத்தைப் பார்த்தார்கள்.

1922 இல் எஃப். டபிள்யூ. முர்னாவ் எடுத்த 'நொஸ்ஃபெராட்டு' இரத்தம் உறிஞ்சும் பூதத்தின் கதையாகவே நினைவுகூரப்படுகிறது. ஆனால் அதன் மையத்தில் கணவன் தூரதேசம் போய்விட, தூக்கமிழந்து தவிக்கும் எலன் என்ற பெண் இருக்கிறாள். கடற்கரையில், மணலில் நட்ட சிலுவைகளுக்கு நடுவே அமர்ந்து அலைகளைப் பார்த்துக்கொண்டிருக்கும் அவளது காட்சியில் பூதம் இல்லை, அழுகையும் இல்லை. ஒரு பெண், கடல், சில சிலுவைகள். 2017 பெப்ரவரி 20 முதல் கிளிநொச்சியில் தொடர் போராட்டத்தில் அமர்ந்த, காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மாரைப் பார்த்தவர்களுக்கு அந்த உட்கார்ந்திருத்தல் என்னவென்று புரியும். இந்தப் படம் எங்களுக்குக் கிடைத்திருப்பதே அதிர்ஷ்டம். 'டிராகுலா' நாவலின் உரிமை மீறப்பட்டதாக அதன் ஆசிரியரின் மனைவி தொடுத்த வழக்கில், பிரதிகளை அழிக்க ஜேர்மன் நீதிமன்றம் 1925 இல் உத்தரவிட்டது. எங்கோ தப்பிய பிரதிகளில்தான் அது உயிர்வாழ்கிறது.

சீருடையை இழந்தவர்

பேய்க்கதையும் கோணல் சுவரும் இல்லாமல் மனத்துயரைக் காட்ட முடியும் என்று நிரூபித்தது முர்னாவின் 'கடைசி மனிதன்' (1924). பெரிய ஹோட்டல் ஒன்றின் வாயிற்காவலர், வயதானவர். பொத்தான்கள் மின்னும் சீருடைதான் அவரது பெருமை. அந்த உடுப்போடு வீடு திரும்பும்போது அவர் வாழும் ஏழைக் குடியிருப்பே எழுந்து வணக்கம் சொல்கிறது. ஒருநாள் பாரமான பெட்டியைத் தூக்கிய களைப்பில் சற்று அமர்ந்துவிடுகிறார். முகாமையாளர் அதைக் கண்டுவிடுகிறார். மறுநாள் சீருடை பறிக்கப்பட்டு, நிலக்கீழ்த் தளத்துக் கழிவறையில் துவாய் நீட்டும் வேலை கொடுக்கப்படுகிறது.

படம் முழுவதிலும் கதையை விளக்கும் எழுத்து அட்டை ஒன்றே ஒன்றுதான், அதுவும் இறுதிப் பகுதிக்கு முன்னால். மற்றதையெல்லாம் எமில் ஜானிங்ஸின் முதுகு சொல்கிறது. நிமிர்ந்து நின்ற முதுகு, சீருடை கழற்றப்பட்ட கணத்தில் வளைந்துவிடுகிறது. ஒளிப்பதிவாளர் கார்ல் ஃப்ரொய்ண்ட் கமெராவைத் தாங்கியிலிருந்து விடுவித்தார். குடிமயக்கக் காட்சியில் கமெராவைத் தன் உடம்பிலேயே கட்டிக்கொண்டு ஆடினார். அதுவரை பாத்திரத்தை வெளியிலிருந்து பார்த்துக்கொண்டிருந்த பார்வையாளர், பாத்திரத்தின் தலைக்குள் போய் நின்றார்.

இது வேலை இழந்த ஒருவரின் சோகம் மட்டுமல்ல. ஊரில் தனக்கிருந்த இடத்தை இழந்தவரின் சோகம். 2007 ஜூன் 7 ஆம் திகதி கொழும்பின் விடுதிகளில் தங்கியிருந்த 376 தமிழர்கள் விடியற்காலையில் பஸ்களில் ஏற்றி வெளியேற்றப்பட்டபோது, உயர் நீதிமன்றம் தலையிட்டு அந்த நடவடிக்கையை நிறுத்தியது. அந்த வெளியேற்றம் சட்டப் பிரச்சினையாகப் பேசப்பட்டது; சரியானதுதான். ஊரில் ஆசிரியராகவோ அதிபராகவோ இருந்து, வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் விடுதி அறையில் 'பொலிஸ் பதிவு' காட்டி வாழ நேர்ந்த முதியவர்களின் வளைந்த முதுகு எந்த அறிக்கையிலும் ஏறவில்லை.

கனவைப் படமாக்குதல்

1926 இல் ஜி. டபிள்யூ. பாப்ஸ்ட் எடுத்த 'ஓர் ஆன்மாவின் இரகசியங்கள்', மனநோயை நேரடியாக நோயாகவே எடுத்துப் பேசிய படம். வேர்னர் கிராவுஸ், கலிகாரியாக நடித்த அதே நடிகர், இதில் நோயாளி. மனைவியோடு அமைதியாக வாழும் இரசாயனவியலாளர் ஒருவருக்குத் திடீரெனக் கத்தியைத் தொடவே பயம் வருகிறது. மனைவியைக் கொன்றுவிடுவேனோ என்ற எண்ணம் துரத்துகிறது. உளப்பகுப்பாய்வாளர் ஒருவரிடம் போய், கனவுகளைச் சொல்லி, கொஞ்சங்கொஞ்சமாகத் தேறுகிறார்.

சிக்மண்ட் பிராய்டின் நெருங்கிய சகாக்களான கார்ல் ஆபிரகாமும் ஹான்ஸ் சாக்ஸும் இந்தப் படத்துக்கு ஆலோசனை வழங்கினார்கள். பிராய்ட் சேர மறுத்தார். தன் அருவமான கருத்துகளை உருவமாகக் காட்ட முடியும் என்பதில் அவருக்கு நம்பிக்கை இருக்கவில்லை. படத்தின் சிகிச்சை மிகச் சுலபமாக முடிகிறது என்ற குறையும் நியாயமானதே. ஆனாலும் அதில் ஒரு பெரிய மாற்றம் இருக்கிறது: 'கொன்றுவிடுவேனோ' என்று பயப்படுபவர் கொலைகாரர் அல்ல, துன்பப்படுபவர் என்று அந்தப் படம் சொன்னது. மருத்துவரும் அதட்டுவதில்லை, அருகில் அமர்ந்து கேட்கிறார்.

துயரின் காரணம் நோயாளிக்குள் இல்லாமல் சட்டத்தில் இருக்கலாம் என்று காட்டிய படம் இதற்கும் முந்தியது. ரிச்சர்ட் ஒஸ்வால்ட் 1919 இல் எடுத்த 'மற்றவர்களிலிருந்து வேறுபட்டவர்கள்' என்ற படத்தில், தன்பாலீர்ப்புள்ள வயலின் கலைஞர் ஒருவர் மிரட்டிப் பணம் பறிப்பவரிடம் சிக்கி, அவமானப்பட்டு, உயிரை மாய்த்துக்கொள்கிறார். அந்தப் பாத்திரமும் கொன்ராட் ஃபைட்தான். பாலியல் ஆய்வாளர் மாக்னஸ் ஹிர்ஷ்ஃபெல்ட் படத்தில் தோன்றி, ஆண்களுக்கிடையிலான உறவைக் குற்றமாக்கிய 175 ஆம் பிரிவை நீக்கக் கோருகிறார். 1920 இல் தணிக்கை மீண்டபோது பொதுத் திரையிடல் தடை செய்யப்பட்டது. இன்று துண்டுகளாகவே எஞ்சியுள்ளது. இலங்கையின் 1883 தண்டனைச் சட்டக்கோவையின் 365, 365அ பிரிவுகளைத் திருத்தும் சட்டமூலம் அரசியலமைப்புக்கு முரணானது அல்ல என்று எங்கள் உயர் நீதிமன்றம் 2023 இல் தீர்மானித்ததை நினைத்தால், நூறு ஆண்டு பழைய அந்தப் படம் பழையதாகத் தெரியாது.

கொழும்பின் வாசலில் நின்ற படம்

இந்தக் காலத்து ஜேர்மன் சினிமாவுக்கும் இலங்கைக்கும் நேரடித் தொடர்பு ஒன்று உண்டு. 1925 இல் மியூனிக் நகரின் எமெல்கா நிறுவனமும் இந்தியரான ஹிமான்சு ராயும் சேர்ந்து 'பிரேம் சன்யாஸ்' என்ற மௌனப் படத்தை எடுத்தார்கள். எட்வின் ஆர்னல்டின் 'ஆசிய ஜோதி' காவியத்தைத் தழுவிய புத்தர் கதை அது. இயக்கத்தில் முன்னின்றவர் மியூனிக்கைச் சேர்ந்த ஃபிரான்ஸ் ஒஸ்டன். ஒளிப்பதிவாளர்களில் ஒருவர் ஜோசப் விர்ஷிங். சித்தார்த்தராக ஹிமான்சு ராயே நடித்தார்.

கலிகாரியின் கோணல் சுவர்கள் இதில் இல்லை. இந்தியாவின் வெயிலிலும் தெருக்களிலும் அரண்மனைகளிலும் படம் பிடித்தார்கள். ஆனால் கதையின் அச்சாணி மனத்துயர்தான். நோயையும் முதுமையையும் சாவையும் முதன்முறை காணும் இளைஞன் நிலைகுலைந்து போகிறான். மாளிகையின் இசையும் நடனமும் அவனைத் தேற்றவில்லை. அந்தக் கலக்கத்தை நோயாகவோ பலவீனமாகவோ படம் காட்டவில்லை. விழிப்பின் தொடக்கமாகக் காட்டியது. ஜேர்மனியிலும் லண்டனிலும் திரையிடப்பட்ட அந்தப் படம், பௌத்தத்தின் முதல் உண்மையே துக்கம்தான் என்று கற்பிக்கப்படும் இலங்கையில் தடை செய்யப்பட்டது. சாதாரண மனிதர் ஒருவர் புத்தராக நடிப்பது பௌத்தர்களின் உணர்வைப் புண்படுத்தும் என்பது காரணம். எதைத் திரையில் காட்டலாம் என்று அதிகாரம் முடிவுசெய்யும் வரலாறு எங்கள் நாட்டில் மௌனப் படக் காலத்திலேயே தொடங்கிவிட்டது.

தமிழ்த் திரைக்கு வந்த நிழல்

ஒஸ்டனும் விர்ஷிங்கும் அத்தோடு நிற்கவில்லை. ஹிமான்சு ராயும் தேவிகா ராணியும் 1934 இல் தொடங்கிய பொம்பே டோக்கீஸ் நிறுவனத்தில் இருவரும் பணிபுரிந்தார்கள். 1939 இல் போர் மூண்டதும் ஜேர்மனியர் என்பதால் பிரித்தானிய அரசு அவர்களைத் தடுத்துவைத்தது. விர்ஷிங் பின்னர் இந்தியாவிலேயே தங்கி, பேயென்று நம்பிய ஒரு பெண்ணின் நினைவில் மனம் தொலைக்கும் ஒருவரின் கதையான 'மஹல்' (1949) படத்தை ஒளிப்பதிவு செய்தார்.

தமிழுக்கு அந்த நிழல் சுற்றுவழியில் வந்தது. ஹிட்லர் ஆட்சிக்கு வந்த பின் ஜேர்மனியை விட்டு வெளியேறிய கலைஞர்கள் ஹொலிவூட் குற்றப் படங்களுக்கு அந்த ஒளியையும் இருளையும் கொண்டுபோனார்கள். அப்படங்களைப் பார்த்து வளர்ந்த எஸ். பாலசந்தர் 1954 இல் 'அந்த நாள்' எடுத்தார். சென்னையில் ஜப்பானியக் குண்டு விழுந்த 1943 ஒக்டோபர் 11 ஆம் திகதி நடக்கும் கதை. பாட்டில்லை. முகங்களைப் பாதியாக வெட்டும் நிழல்தான் அங்கே சந்தேகத்தையும் குற்றவுணர்வையும் சொல்கிறது.

மட்டக்களப்பில் பிறந்த பாலு மகேந்திரா 1982 இல் எடுத்த 'மூன்றாம் பிறை'யின் கடைசிக் காட்சியை மறந்தவர் யாரும் இல்லை. புகையிரதத்தில் அமர்ந்திருக்கும் பெண்ணுக்குத் தன்னை நினைவூட்ட, கமல்ஹாசன் குரங்குபோல் ஆடிக் காட்டுகிறார். அவர் சொல்வது எதுவும் அவளைச் சென்றடையவில்லை. வசனத்தால் தீராத இடத்தில் உடம்பு மட்டும் பேசும் அந்தக் காட்சி, ஜானிங்ஸின் வளைந்த முதுகுக்கு உறவு.

ஆனால் தமிழ்த் திரையில் இன்னொரு வழக்கமும் உண்டு. மனநோயாளர் சிரிப்புக்கு ஆளாவார், அல்லது கொலைகாரர் ஆவார், அல்லது காதலித்ததற்குத் தண்டனையாகச் சங்கிலியில் கிடப்பார். 1999 இல் வந்த 'சேது' அந்தச் சங்கிலியைக் காட்டியது. இரண்டு ஆண்டுகள் கழித்து, 2001 ஓகஸ்ட் 6 ஆம் திகதி, தமிழ்நாட்டின் ஏர்வாடியில் மனநலக் காப்பகம் ஒன்றில் தீப்பிடித்தது. சங்கிலியால் பிணைக்கப்பட்டிருந்த 28 பேர் எழுந்து ஓட முடியாமல் எரிந்து இறந்தார்கள்.

நோயாளியா, பூதமா?

ஜேர்மனியின் கதையும் இங்கேதான் இருண்டு போகிறது. கலிகாரி வெளிவந்து இருபது ஆண்டுகளில், அதே நாட்டில் உண்மையான மனநோய் விடுதிகளிலிருந்து நோயாளர்களைப் பஸ்களில் ஏற்றிச் சென்று நச்சுவாயுவால் கொன்றார்கள். 1940–41 இல் மட்டும் 70,000 க்கும் அதிகமானோர். குடும்பங்களுக்குப் பொய்யான மரணச் சான்றிதழ் அனுப்பப்பட்டது. இந்தக் கொலைகளுக்கு மக்களின் மனதைப் பழக்க 1941 இல் 'நான் குற்றம் சாட்டுகிறேன்' என்ற கதைப்படமும் எடுக்கப்பட்டது. அதில் தீராத நோயாளியைக் கொல்வது கருணையாகக் காட்டப்பட்டது. ஒளியும் நிழலும் கொண்டு மனிதரின் உள்ளத்துக்குள் போகக் கற்ற அதே தொழில்துறை, சில மனிதர்களுக்கு உள்ளமே இல்லை என்று சொல்லவும் பயன்பட்டது.

1920களின் படங்கள் இந்தக் கொலைகளுக்குக் காரணம் என்று சொல்வது அநியாயம். கொன்ராட் ஃபைட் 1933 இல் யூத மனைவியோடு நாட்டை விட்டு வெளியேறினார். கார்ல் மயர் லண்டனில் அகதியாக இருந்து 1944 இல் இறந்தார். மறுபுறம், 'கடைசி மனிதன்' எமில் ஜானிங்ஸ் நாஸிகளின் பிரசாரப் படங்களில் நடித்தார். ஆகவே பாணி ஒருவரையும் காப்பாற்றாது. துயருற்றவரின் பக்கத்தில் நின்று உலகத்தைப் பார்க்கிறோமா, உலகத்தின் பக்கத்தில் நின்று அவரைப் பார்க்கிறோமா என்பதுதான் கேள்வி. 'கடைசி மனிதன்' முதலாவதைச் செய்தது. கலிகாரி இரண்டையும் மாறிமாறிச் செய்தது. எங்கள் பேச்சில் 'அங்கொடை' என்ற ஊர்ப்பெயரே வசைச்சொல்லாக இருப்பதால், நாங்கள் பெரும்பாலும் செய்வது இரண்டாவதைத்தான்.

இலங்கைத் திரையில் முதலாவதைச் செய்த ஒரு படத்தையாவது சொல்ல வேண்டும். பிரசன்ன விதானகேயின் 'புரஹந்த களுவர' (1997) படத்தில், முத்திரையிட்ட சவப்பெட்டியில் வீடு வந்த படைவீரனின் பார்வையிழந்த தந்தை, மகன் இறந்ததை ஏற்க மறுக்கிறார். ஜோ அபேவிக்ரம நடித்த அந்த முதியவர் அதிகம் பேசுவதில்லை. ஊர் அவரைப் புத்தி பேதலித்தவராகப் பார்க்கிறது. கடைசியில் பெட்டியைத் தோண்டினால் உள்ளே கல்லும் வாழைக்குற்றியும். அரசு தடுத்துவைத்த அந்தப் படம், உயர் நீதிமன்றத் தீர்ப்பின் பின்னரே திரைக்கு வந்தது. 'நோயாளி' சொன்னது உண்மையாக இருக்கலாம் என்ற கலிகாரியின் கேள்விக்கு ஒரு சிங்களக் கிராமத்திலிருந்து வந்த பதில் அது.

வெள்ளவத்தைக்கு 1983 ஜூலையின் நினைவு இருக்கிறது. கொட்டாஞ்சேனைக்கு 2019 ஏப்ரல் 21 ஆம் திகதி கொச்சிக்கடை அந்தோனியார் ஆலயத்தில் வெடித்த குண்டின் நினைவு இருக்கிறது. அந்த வீடுகளில் இன்றும் பலர் "பரவாயில்லை" என்றுதான் சொல்கிறார்கள். அவர்களுக்கு நித்திரை இல்லாதிருக்கலாம், சாப்பாடு இறங்காதிருக்கலாம், பட்டாசுச் சத்தத்துக்கு உடம்பு தூக்கிப்போடலாம். சொல் வராதவரின் உடம்பைக் கவனிப்பது எப்படி என்பதை அந்தப் பழைய படங்கள் பொறுமையாகக் கற்றுத்தருகின்றன. அவை வெள்ளவத்தை சவோயில் ஓடப்போவதில்லை; பெரும்பாலானவை இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. முதலில் 'கடைசி மனிதன்' பாருங்கள். ஜேர்மன் மொழி தேவைப்படாது.

கவனித்த பிறகு ஒருவரை உதவிக்கு அனுப்ப வேண்டியிருந்தால், அங்கொடையிலுள்ள தேசிய மனநல நிறுவகத்தின் உதவித் தொலைபேசி இலக்கம் 1926. அந்த ஊரின் பெயரை வசையாகச் சொல்வதை விட்டுவிட்டு, இந்த இலக்கத்தை ஒருவருக்குச் சொல்லிக் கொடுக்கலாம்.